நல்லது செய்தோம், நல்லது நடந்ததா?



தைப்பூசம் முடிந்து இரண்டு வாரம் கழித்து எங்கள் குழு கணக்குப் பார்க்க உட்காரும். பந்தல் வாடகை, அரிசி, மோர், ஐஸ், நன்கொடை, கையில் மிச்சம் எல்லாம் அன்றைக்குத்தான் வெளியே வரும். அப்படி ஒரு கூட்டத்தில் செயலாளர் அறிக்கை வாசித்தார். "ஆயிரக்கணக்கான பக்தர்களுக்கு அன்னதானமும் நீர்மோரும் வழங்கப்பட்டன" என்ற வரி வந்ததும் எல்லோரும் கை தட்டினோம். படிவம் ஐந்து படிக்கும் ஒரு தங்கச்சி மட்டும் கை தூக்கினாள்.

"அண்ணே, எத்தனை ஆயிரம்?"

யாருக்கும் தெரியவில்லை. அவள் விடவில்லை. "நான் குப்பைப் பீப்பாய் பக்கத்துலதான் நின்னேன். பாதி பொட்டலம் பிரிச்சு ரெண்டு வாய் சாப்பிட்டு அப்படியே வந்து விழுந்துச்சு. நமக்கு முன்னாடி ஒரு பந்தல், பின்னாடி ஒரு பந்தல். எல்லாருமே தக்காளி சாதந்தான் குடுத்தோம். மேல தண்ணீர்மலைப் படிக்கட்டு பக்கம் ஒரு பாட்டி மயக்கம் வந்து உட்கார்ந்துட்டாங்க. அங்க தண்ணி குடுக்க ஆள் இல்ல."

உண்மையைச் சொல்கிறேன். எனக்கு முதலில் கோபம்தான் வந்தது. மூன்று நாள் தூக்கமில்லாமல் உழைத்திருக்கிறோம், இந்தப் பிள்ளை குப்பையை எண்ணிக்கொண்டு நின்றிருக்கிறதே என்று நினைத்தேன். வீட்டுக்குப் போகும் வழியில்தான் உறைத்தது. அத்தனை பேரில் அவள் ஒருத்திதான் நடந்ததைப் பார்த்திருக்கிறாள். நாங்கள் எல்லோரும் செய்ததை மட்டுமே பார்த்திருக்கிறோம்.

இந்தக் கட்டுரை அந்த வித்தியாசத்தைப் பற்றியது. நல்லது செய்வது ஒன்று, நல்லது நடப்பது இன்னொன்று. இரண்டுக்கும் நடுவில் இருக்கும் தூரத்தைக் கடக்க நல்ல மனசு மட்டும் போதாது. உண்மையைத் தேடும் பழக்கமும் வேண்டும்.

நசிகேதன் கேட்ட முதல் கேள்வி

கடோபநிஷதம் என்றதும் நமக்கு ஞாபகம் வருவது, நசிகேதன் யமனிடம் மரணத்துக்குப் பின் என்ன என்று கேட்ட கதை. சமய வகுப்பில் அதைத்தான் சொல்லிக் கொடுப்பார்கள். அவன் யமலோகம் போனதே எதனால் என்று கேட்டால் பலருக்குச் சட்டென்று பதில் வராது.

அவனுடைய அப்பா ஒரு பெரிய வேள்வி செய்தார். தன்னிடம் உள்ளதையெல்லாம் தானமாகக் கொடுக்க வேண்டிய வேள்வி அது. அவர் கொடுத்த மாடுகளைப் பையன் பார்த்தான். எல்லாம் கிழட்டு மாடுகள். இனி புல்லும் தின்னாது, தண்ணீரும் குடிக்காது, பாலும் தராது, கன்றும் போடாது. வாங்கிக்கொண்டு போகிறவருக்கு அவற்றால் என்ன பயன், இப்படிக் கொடுத்தவர் எந்த உலகத்துக்குப் போவார் என்று அவன் மனசு தவித்தது. அந்தத் தவிப்பில்தான், என்னை யாருக்குக் கொடுக்கப் போகிறீர்கள் என்று அப்பாவைக் கேட்டான். திரும்பத் திரும்பக் கேட்டான். அவர் எரிச்சலில் யமனுக்கு என்றார். கதை அங்கிருந்துதான் தொடங்குகிறது.

கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். பிரம்ம ஞானத்தைத் தேடிப் போன ஒரு சிறுவனின் பயணம், ஒரு தானம் வாங்குகிறவருக்குப் பயன்படுமா என்ற கேள்வியில் தொடங்கியிருக்கிறது. மாட்டை எண்ணிப் பார்த்தால் கணக்குச் சரியாகத்தான் இருந்திருக்கும். மாட்டையே பார்த்தால்தான் உண்மை தெரியும். எங்கள் கூட்டத்தில் கை தூக்கிய தங்கச்சி செய்ததும் இதுதான். ஆக, கேள்வி கேட்பது நம் சமயத்துக்கு வெளியிலிருந்து வந்த பழக்கம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

திருவள்ளுவர் மெய்யுணர்தல் என்று ஓர் அதிகாரமும் அறிவுடைமை என்று இன்னோர் அதிகாரமும் வைத்தார். எந்தப் பொருளாக இருந்தாலும், யார் வாயிலிருந்து வந்த சொல்லாக இருந்தாலும், அதற்குள் இருக்கும் மெய்யைப் பார் என்று இரண்டு இடத்திலும் சொல்கிறார். தெரிந்து செயல்வகை என்ற அதிகாரத்தில் இன்னும் ஒரு படி மேலே போகிறார். நல்லது செய்யும்போதுகூடத் தப்பு நடக்கலாம், அவரவர் தன்மை தெரியாமல் செய்தால், என்று எச்சரிக்கிறார். கீதையின் பதினேழாவது அத்தியாயத்தில் கண்ணன், சாத்விக தானத்துக்கு இடமும் காலமும் பெறுபவரின் தகுதியும் பொருந்த வேண்டும் என்கிறான். பலனை எதிர்பார்த்துக் கொடுப்பதை ராஜச தானம் என்று பிரிக்கிறான். நாம் முகநூலில் போட எடுக்கும் மாதிரிக் காசோலைப் படம் இதில் எந்த வகை என்று நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள்.

முதலில் நம் வீட்டுக்குள்

உண்மையைத் தேடுவது என்றால் அடுத்தவரின் நம்பிக்கையில் ஓட்டை தேடுவது என்று நம்மில் சிலர் நினைக்கிறோம். அது சுலபம். நமக்குப் பிடித்த செய்தியை நாமே சோதிப்பதுதான் கஷ்டம்.

திருநள்ளாறு சனீஸ்வரன் கோயிலுக்கு மேலே வரும்போது செயற்கைக்கோள்கள் மூன்று விநாடி நின்றுவிடுகின்றன, நாசாவே வியந்து போனது என்று புலனத்தில் ஒரு செய்தி பல வருஷமாகச் சுற்றுகிறது. உங்களுக்கும் வந்திருக்கும். உங்கள் மாமாவோ அத்தையோ அனுப்பியிருப்பார்கள். எனக்கு வந்தபோது நானும் பத்துப் பேருக்கு அனுப்பினேன். பெருமையாகத்தான் இருந்தது.

பூமிக்குப் பக்கத்தில் சுற்றும் ஒரு செயற்கைக்கோள் விநாடிக்கு ஏறக்குறைய ஏழரைக் கிலோமீட்டர் வேகத்தில் ஓடுகிறது. அந்த வேகம்தான் அது விழாமல் காக்கிறது. நின்றால் விழுந்துவிடும். படிவம் நான்கில் படித்த பௌதிகமே இதைக் கண்டுபிடிக்கப் போதும். நான் அந்தப் பாடத்தில் நல்ல மதிப்பெண் வாங்கியவன், ஆனாலும் அனுப்பினேன். அறிவு இல்லாததால் அல்ல, சோதிக்க மனசு வராததால்.

1995 செப்டம்பர் 21-ஆம் தேதியை உங்கள் பெற்றோரிடம் கேட்டுப் பாருங்கள். பிள்ளையார் பால் குடிக்கிறார் என்று டெல்லியில் கிளம்பிய செய்தி ஒரே நாளில் உலகின் பல நாடுகளுக்குப் பரவி, கோயில்களில் கரண்டியும் பாலுமாய் வரிசை நின்றது. இந்திய அரசின் அறிவியல் துறையைச் சேர்ந்தவர்கள் வண்ணம் கலந்த பாலைக் கொடுத்துப் பார்த்தார்கள். சிலையின் மேற்பரப்பு பாலை இழுப்பதும், பிறகு அது மெல்லிய படலமாகச் சிலை மேலேயே வழிந்து இறங்குவதும் கண்ணுக்குத் தெரிந்தது. திரவங்களின் பரப்பு இழுவிசைதான் காரணம் என்று விளக்கினார்கள்.

இதைச் சொன்னால் சிலருக்கு வருத்தம் வரும். எனக்கு வருத்தம் இல்லை. பிள்ளையாருக்கு அந்தச் சான்று என்றைக்குமே தேவைப்பட்டதில்லை. நமக்குத்தான் தேவைப்பட்டது. பொய்யான சான்றை முட்டுக்கொடுத்து நிறுத்திய பக்தி, முட்டு விழும்போது சேர்ந்து விழும். அப்படி விழுந்த இளைஞர்களை நான் பார்த்திருக்கிறேன். புலனத்தில் வந்த பத்து செய்திகள் பொய் என்று தெரிந்ததும், தேவாரமும் பொய்யாகத்தான் இருக்கும் என்ற முடிவுக்கு அவர்கள் வந்துவிட்டார்கள். தவறு அவர்களுடையது மட்டுமல்ல. பொய்யையும் மெய்யையும் ஒரே தட்டில் வைத்துப் பரிமாறிய நம்முடையதும்தான்.

1893-இல் சுவாமி விவேகானந்தர் பம்பாயிலிருந்து அமெரிக்காவுக்குக் கப்பலேறியபோது, வழியில் நம் பினாங்கைத் தொட்டுக்கொண்டுதான் போனார். அதே சுவாமி பின்னாளில் இங்கிலாந்தில் பேசும்போது, மற்ற அறிவுத்துறைகளுக்கு வைக்கும் பகுத்தறிவுச் சோதனையைச் சமயத்துக்கும் வைக்க வேண்டும், அதில் கழிவது கழியட்டும், சாரம் நிற்கும் என்ற கருத்தை முன்வைத்தார். பயந்தவர் சொல்கிற சொல் அல்ல இது. தன் சமயத்தின் மேல் உண்மையான நம்பிக்கை உள்ளவர் மட்டுமே இப்படிச் சொல்ல முடியும்.

இலவசம் என்றும் ஏன் வரவில்லை?

சரி, உண்மையைத் தேடுவதற்கும் ஊருக்கு உதவுவதற்கும் என்ன சம்பந்தம்? மதுரையில் நடந்த ஒரு கதையைச் சொல்கிறேன்.

டாக்டர் கோ. வெங்கடசாமி அரசு கண் மருத்துவர். இளம் வயதிலேயே முடக்குவாதம் வந்து கை விரல்கள் கோணிப் போயின. அந்த விரல்களால் கத்தி பிடிக்கப் பழகி, ஆயிரக்கணக்கானோருக்குக் கண்புரை அறுவை செய்தவர். 1976-இல் பணி ஓய்வு பெற்றதும், ஐம்பத்தெட்டு வயதில், 11 படுக்கைகளோடு ஒரு சிறிய கண் மருத்துவமனையைத் தொடங்கினார். ஸ்ரீ அரவிந்தரின் வழியைப் பின்பற்றியவர் என்பதால் அதற்கு அரவிந்த் என்று பெயர் வைத்தார். இன்று உலகின் மிகப் பெரிய கண் மருத்துவ அமைப்புகளில் அதுவும் ஒன்று. பணம் கட்ட முடிந்தவர் கட்டுகிறார். முடியாதவருக்கு இலவசம் அல்லது மிகக் குறைந்த கட்டணம்.

இதுவரை பலருக்குத் தெரியும். எனக்குப் பிடித்த பகுதி வேறு. கிராமங்களில் முகாம் போட்டு, கண்புரை உள்ளவர்களைக் கண்டுபிடித்து, மதுரைக்கு வாருங்கள், அறுவை இலவசம் என்று சொன்னார்கள். பலர் வரவில்லை. நாமாக இருந்தால் என்ன சொல்லியிருப்போம்? "ஓசியில குடுத்தாகூட வரமாட்டேங்கிறாங்க, நம்ம ஆளுங்கள திருத்த முடியாது" என்று சொல்லிவிட்டுக் காடியில் ஏறியிருப்போம்.

அவர்கள் ஏன் என்று விசாரித்தார்கள். பதில் எளிமையானது. பஸ்ஸுக்குக் காசு இல்லை. மதுரையில் சாப்பாட்டுக்கு வழி இல்லை. கண் தெரியாதவரைக் கூட்டிப் போக ஒரு ஆள் வேலையை விட்டு வர வேண்டும், அன்றைய கூலி போகும். கத்தி வைப்பார்கள் என்ற பயம் வேறு. ஆக, அறுவை இலவசமே தவிர, மதுரைக்கு வருவது இலவசமில்லை. இது தெரிந்ததும் முகாமிலிருந்தே பஸ் வைத்தார்கள். சாப்பாடு கொடுத்தார்கள். ஊர்க்காரர்களைச் சேர்த்துக் கூட்டமாக அழைத்துப் போனார்கள். கூட்டம் வந்தது. கண்ணாடி தேவைப்படுகிறவர்களுக்குச் சீட்டு மட்டும் எழுதிக் கொடுத்தால் அவர்கள் வாங்கமாட்டார்கள் என்று தெரிந்தபோது, முகாமிலேயே கண்ணாடியைச் செய்து கொடுக்க ஆரம்பித்தார்கள்.

அறுவை அறையிலும் இதே பழக்கம்தான். ஒரு மருத்துவருக்கு இரண்டு மேசை போட்டார்கள். ஒருவருக்கு அறுவை நடக்கும்போதே அடுத்தவரைச் செவிலியர் தயார் செய்துவிடுவார்கள். மருத்துவரின் ஒரு நிமிஷமும் வீணாகாது. கண்ணுக்குள் வைக்கும் செயற்கை வில்லை வெளிநாட்டிலிருந்து வந்ததால் ஏழைகளுக்கு எட்டாத விலையில் இருந்தது. 1992-இல் அரோலேப் என்ற தொழிற்கூடத்தைத் தொடங்கி, தாங்களே வில்லை செய்து விலையைப் பத்தில் ஒரு பங்குக்கும் கீழே கொண்டு வந்தார்கள்.

டாக்டர் வெங்கடசாமி தியானம் செய்கிறவர், ஆன்மீகவாதி. ஒவ்வொரு நோயாளியிலும் தெய்வத்தைப் பார்க்க முயன்றவர். அந்த மனுஷர்தான் நிமிஷக் கணக்குப் பார்த்தார், வில்லையின் விலையைப் பார்த்தார், யார் வரவில்லை, ஏன் வரவில்லை என்று பார்த்தார். அன்பு இருந்ததால்தான் கணக்குப் பார்த்தார் என்று நான் நினைக்கிறேன். தன் பிள்ளைக்கு மருந்து கொடுக்கும் அம்மா அளவைப் பார்க்காமல் கொடுப்பாளா?

இன்னொரு சின்ன உதாரணம். 1971-இல் வங்காளதேசப் போர் நேரத்தில் எல்லையோர ஊரான போன்காவ் அகதி முகாமில் வாந்திபேதி பரவியது. நரம்பில் ஏற்றும் மருந்து நீர் தீர்ந்துகொண்டிருந்தது. டாக்டர் திலீப் மஹலானபிஸ், உப்பு, குளுக்கோஸ், சமையல் சோடா மூன்றையும் அளந்து தண்ணீரில் கரைத்து, நோயாளிகளின் சொந்தக்காரர்களையே குடிக்கக் கொடுக்கச் செய்தார். முகாமில் நூற்றுக்கு முப்பது பேர் செத்துக்கொண்டிருந்த நிலை மாறி, அவருடைய பராமரிப்பில் இருந்தவர்களில் சாவு நூற்றுக்கு நான்குக்கும் கீழே வந்தது. அவர் எண்ணி எழுதி வைத்ததால்தான் உலகம் நம்பியது. இன்று எந்த மருந்துக்கடையிலும் கிடைக்கும் உப்புச் சர்க்கரைப் பொட்டலத்துக்குப் பின்னால் அந்தக் கணக்கு நோட்டும் இருக்கிறது.

நிரம்பி வழிந்த சாமான் அறை

இப்போது என் கதைக்கு வருகிறேன். சில வருஷத்துக்கு முன் தீபாவளிக்கு எங்கள் குழு முதியோர் இல்லம் ஒன்றுக்குப் போனது. மூவாயிரம் வெள்ளி சேர்த்திருந்தோம். அரிசி, பிஸ்கட், மைலோ, முறுக்கு டின், எல்லாம் அழகாகக் கட்டிக் கொண்டு போனோம். பாட்டு, நடனம், படம் எல்லாம் முடிந்தது.

சாமான்களை உள்ளே வைக்கப் போனேன். அறை நிரம்பி இருந்தது. எங்களுக்கு முன்னால் அந்த வாரம் மட்டும் ஆறு குழுக்கள் வந்து போயிருந்தன. எல்லாம் அரிசி, பிஸ்கட், மைலோ. பொறுப்பாளர் அம்மாவிடம் தயங்கித் தயங்கிக் கேட்டேன், "என்னம்மா, உங்களுக்கு உண்மையிலேயே என்ன வேணும்?"

அவர் சிரித்தார். "கேட்டியே தம்பி, அதுவே போதும். தீபாவளிக்கு எல்லாரும் வர்றீங்க. மார்ச்ல யாரும் வர்றதில்ல. பெரியவங்களுக்குப் போடற டயப்பர் மாசா மாசம் தீர்ந்துடுது. ரெண்டு பேருக்கு வாரா வாரம் ஆஸ்பத்திரிக்குப் போகணும், காடி ஓட்ட ஆள் இல்ல. இந்த பிஸ்கட்ட நான் எங்க கொண்டு போய் வைக்கிறது? பாதிப் பேருக்கு இனிப்பு நீர் வேற."

அடுத்த மாதப் பத்திரிகையில் எங்கள் படம் வந்தது. "முதியோர் முகத்தில் புன்னகை" என்று தலைப்பு. அதை எழுதியவன் நான்தான். புன்னகை உண்மை. ஆனால் நான் எழுதாமல் விட்டது அதைவிடப் பெரிய உண்மை. அந்தக் கட்டுரை இன்றும் என்னைக் குத்துகிறது.

நூற்றெட்டுத் தேங்காய்

இதையெல்லாம் யோசித்த பிறகு எனக்குக் கணக்குப் பைத்தியம் பிடித்தது. எதைப் பார்த்தாலும் இது வீண், அது வீண் என்று பேச ஆரம்பித்தேன். தைப்பூசத்துக்கு முந்தின நாள் ரதம் வரும் வழியில் நம் ஊரில் எத்தனை தேங்காய் உடைகிறது என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. தமிழர் மட்டுமல்ல, சீனச் சகோதரர்களும் குவியல் குவியலாய் உடைக்கிறார்கள். சாலையே வெள்ளையாகிவிடும். பினாங்கு பயனீட்டாளர் சங்கம் வருஷா வருஷம், எண்ணிக்கையைக் குறையுங்கள் என்று வேண்டுகோள் விடுக்கிறது. 2025 தைப்பூச நேரத்தில் நாட்டில் தேங்காய்த் தட்டுப்பாடே இருந்தது.

நான் போய்ப் பந்தலில் ஒரு மாமாவைப் பிடித்துக்கொண்டேன். நூற்றெட்டுத் தேங்காய் அடுக்கி வைத்திருந்தார். இந்தக் காசுக்கு எத்தனை பிள்ளைகளுக்குப் புத்தகம் வாங்கலாம் தெரியுமா என்று ஆரம்பித்தேன். அவர் அமைதியாகக் கேட்டுவிட்டுச் சொன்னார்: "தம்பி, எம்மவ மூணு மாசம் ஐ.சி.யூ.ல கிடந்தா. அன்னிக்கு வாசல்ல உட்கார்ந்து முருகன்கிட்ட சொன்னேன். இன்னிக்கு அவ அதோ நிக்கிறா. நீ கணக்கு சொல்லு, நான் கேட்டுக்கிறேன்."

எனக்கு வார்த்தை வரவில்லை. கணக்கு தப்பு என்பதால் அல்ல. தப்பான இடத்தில் கணக்கை நீட்டிவிட்டேன் என்பதால்.

பல நாள் யோசித்து ஒரு தெளிவுக்கு வந்தேன். காணிக்கை வேறு, உதவி வேறு. காணிக்கை கொடுப்பவருக்கும் தெய்வத்துக்கும் நடுவில் இருப்பது. அதன் அளவுகோல் கொடுப்பவரின் மனசு. நான் அதை எடைபோட முடியாது. உதவி அப்படி அல்ல. அதன் அளவுகோல் வாங்குகிறவரின் வாழ்க்கை. அவர் வயிறு நிறைந்ததா, அவர் கண் தெரிந்ததா, அவர் பிள்ளை பள்ளிக்குப் போனதா என்பதுதான் கேள்வி. எங்கள் முதியோர் இல்லத் தீபாவளியில் என்ன நடந்தது? உதவியைக் காணிக்கை மாதிரி செய்துவிட்டோம். எங்கள் மனசு நிறைந்ததும் வேலை முடிந்தது என்று திரும்பிவிட்டோம்.

அதற்காகக் காணிக்கை பற்றி யாரும் வாயே திறக்கக்கூடாது என்று சொல்லவில்லை. அது அடுத்தவர் மேல் படும் இடத்தில் கேள்வி வரத்தான் செய்யும். உடைந்த சிரட்டையில் வெறுங்காலோடு நடந்து வரும் காவடிக்காரர் பாதம் கிழிந்தால், விடியற்காலையில் துப்புரவுத் தொழிலாளர் அதை அள்ளினால், அது அந்த மாமாவுக்கும் முருகனுக்கும் நடுவில் மட்டும் இருக்கும் விஷயம் அல்ல. அதையும் அவரிடம் பேசலாம். ஆனால் முதலில் அவர் மகளைப் பற்றி விசாரித்துவிட்டுப் பேச வேண்டும். மறு வருஷம் அப்படித்தான் பேசினேன். "ஒண்ணு உடைக்கிறேன், மிச்சத்த கோயில் சமையலுக்குக் குடுத்தா சாமி கோவிச்சுக்குமா தம்பி?" என்று அவரே கேட்டார். கோபித்துக்கொள்ளாது என்று நான் எப்படிச் சொல்வது? குருக்களைக் கேளுங்கள் என்றேன். கேட்டுவிட்டு வந்தார். ஒன்பது உடைத்தார், மிச்சம் அடுப்படிக்குப் போனது. என் முதல் வருஷப் பிரசங்கம் சாதிக்காததை அவருடைய சொந்தக் கேள்வி சாதித்தது.

எண்ண முடியாததும் உண்டு

இன்னொரு எச்சரிக்கையும் சொல்ல வேண்டும். எண்ண முடிந்தது மட்டுமே நல்லது என்று நினைத்துவிடாதீர்கள். அதே இல்லத்தில் ஒரு தாத்தா என் கையைப் பிடித்துக்கொண்டு, தான் வேலை செய்த தோட்டத்தைப் பற்றி ஒரு மணி நேரம் பேசினார். கித்தா மரம், பால் வாளி, மண்டோர், தோட்டத்துக் கோயில் திருவிழா. அந்த ஒரு மணி நேரத்தை எந்தக் கட்டத்தில் எழுதுவது? எழுத முடியாது. ஆனால் அடுத்த வாரமும் போனேனா என்று கேட்கலாம். நான் போகவில்லை. தாத்தா காத்திருந்தாராம். எண்ண முடியாத நன்மையிலும் உண்மையைக் கேட்கும் கேள்வி ஒன்று எப்போதும் இருக்கத்தான் செய்கிறது.

அதேபோல, எது அதிகப் பயன் தரும் என்று யோசித்து யோசித்து ஒன்றும் செய்யாமல் இருப்பதும் ஒரு நோய்தான். 1898-இல் கல்கத்தாவில் பிளேக் வந்தபோது, பணம் எங்கிருந்து வரும் என்று கேட்டவர்களிடம், தேவைப்பட்டால் மடத்துக்காக வாங்கிய நிலத்தையே விற்போம் என்றார் விவேகானந்தர். மறு வருஷம் சகோதரி நிவேதிதையின் மேற்பார்வையில் துறவிகளும் இளைஞர்களும் சேரித் தெருக்களைப் பெருக்கிச் சுத்தம் செய்தார்கள். அன்றைய நிலையில் தெரிந்ததை வைத்து, அன்றைக்கு எது அவசரமோ அதைச் செய்தார்கள்.

நாம் என்ன செய்யலாம்?

எங்கள் குழு இப்போது நான்கு பழக்கங்களை வைத்துக்கொண்டிருக்கிறது. பெரிய தத்துவம் ஒன்றும் இல்லை.

ஒன்று, கொடுப்பதற்கு முன் கேட்கிறோம். போகும் இடத்துக்கு ஒரு மாதம் முன்பே போன் போட்டு, என்ன வேண்டும், எப்போது வேண்டும் என்று விசாரிக்கிறோம். தீபாவளிக்குப் பதில் மார்ச்சில் போகிறோம். மாதம் இரண்டு நாள் ஆஸ்பத்திரிக்குக் காடி ஓட்ட நான்கு பேர் பெயர் கொடுத்திருக்கிறார்கள்.

இரண்டு, அடுத்தவர் செய்வதைப் பார்க்கிறோம். எல்லோரும் தக்காளி சாதம் கொடுக்கும் சாலையில் நாமும் ஏன்? போன தைப்பூசத்தில் சாப்பாட்டைப் பாதியாக்கி, படிக்கட்டு ஏறி வருகிறவர்களுக்குத் தண்ணீரும், உப்புச் சர்க்கரைக் கரைசலும், முதலுதவிப் பெட்டியும் வைத்தோம். யோசனை அந்தத் தங்கச்சியுடையது.

மூன்று, முடிந்த பிறகு எண்ணுகிறோம். எத்தனை பொட்டலம் போனது, எத்தனை குப்பைக்கு வந்தது என்று எழுதுகிறோம். அறிக்கையில் "ஆயிரக்கணக்கான" என்ற சொல்லுக்குத் தடை. சரியாக வராததையும் எழுத வேண்டும். போன வருஷம் நடத்திய இலவச டியூஷனுக்கு இருபது பேர் பெயர் கொடுத்து ஆறு பேர்தான் கடைசி வரை வந்தார்கள். ஏன் என்று வீடு வீடாகப் போய்க் கேட்டபோது, ராத்திரி வீட்டுக்குத் திரும்ப பஸ் இல்லை என்றார்கள். மதுரைக் கதைதான்! ஒரு வீட்டில் இன்னொன்றும் தெரிந்தது. அந்தப் பிள்ளைக்குப் பிறப்புப் பத்திரமே இல்லை. டியூஷனைவிட, ஒரு ஆள் விடுப்பு எடுத்துக்கொண்டு அந்தக் குடும்பத்தோடு பதிவிலாகாவுக்கு நடையாய் நடப்பதுதான் அந்தப் பிள்ளைக்கு முதலில் வேண்டிய உதவி.

நான்கு, வந்த செய்தியை அனுப்புவதற்கு முன் ஒரு ராத்திரி ஆறப்போடுகிறோம். நமக்குப் பெருமை தரும் செய்தி என்றால் இரண்டு ராத்திரி.

தம்பி தங்கைகளே, உங்கள் குழுவிலும் கை தூக்கிக் கேள்வி கேட்கும் ஒருவர் இருப்பார். அவரைப் பார்த்தால் எரிச்சல் வரும். அப்பாவுக்கே நசிகேதன் மேல் எரிச்சல்தானே வந்தது! எரிச்சலில் அவரைத் துரத்திவிடாதீர்கள். கேள்வி கேட்பவர் நீங்களாக இருந்தால், கேட்பதோடு நிறுத்தாமல் குப்பைப் பீப்பாய் பக்கத்திலும் கொஞ்ச நேரம் நில்லுங்கள்.

அடுத்த கணக்குக் கூட்டத்தில் செலவைப் படித்து முடித்ததும், யாராவது ஒருவர் இந்த ஒரு கேள்வியைக் கேட்டுவிடுங்கள்: "நாம செஞ்சது சரி, அவங்களுக்கு என்ன ஆச்சு?"

பதில் தெரியாவிட்டால் வெட்கப்பட வேண்டாம். மறுநாள் காலையில் போய் விசாரித்துவிட்டு வாருங்கள்.